கத்தாஸ் பாதிரியாரும் அந்தாளும்

சனிக்கிழமை பிற்பகல், வெயில் கடல் பக்கம் சாயத் தொடங்கியதும், கத்தாஸ் பாதிரியார் மொட்டைமாடியில் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் நின்றுகொண்டு டிஷ் ஆன்டெனாக்களுக்குப் பிரசங்கம் செய்கிறார். கஃபர்தீன் என்னும் அந்த அரபுக் கிறிஸ்தவ ஊரில் வீட்டுக்கு ஒன்றாக இருக்கும் அந்த டிஷ்கள் எல்லாம் ஒரே பக்கம் முகத்தைத் திருப்பி, வாயைத் திறந்தபடி, அசையாமல் கேட்கின்றன. இப்படிப்பட்ட சபை ஞாயிற்றுக்கிழமைகளில் அவருக்கு வாய்த்ததில்லை. "அன்பானவர்களே" என்று தொடங்கி வலது கையை உயர்த்துகிறார். மூச்சு விட வேண்டிய இடத்தில் மூச்சு விடுகிறார். ஜனங்கள் கண் கலங்க வேண்டிய இடத்தில், அவர்கள் கைக்குட்டையைத் தேடி எடுக்க வேண்டுமே என்று, கொஞ்சம் அவகாசமும் கொடுக்கிறார். அடுத்த மாடியில் துணி உலர்த்தும் விதவை நஸீரா, கிளிப்பை வாயில் கவ்வியபடியே தன் அபிப்பிராயத்தைச் சொல்வாள்.

"சாமி, இதேதான போன வாரமும் சொன்னீங்க?"

"போன வாரம் பொறுமை. இது சகிப்புத்தன்மை."

"ஓகோ. நமக்கு ரெண்டும் ஒண்ணுதான். ரெண்டுக்கும் உக்காந்துதான இருக்கணும்."

பாதிரியாருக்கு வயது அறுபதைத் தொடப்போகிறது. மார்பை மூடிய தாடி, அகலமான தோள், ஒலிவ மரங்களுக்கு நடுவே வளர்ந்த மனிதருக்கே உரிய தடித்த விரல்கள். அறுவடைக் காலத்தில் அங்கியை இடுப்பில் தூக்கிச் செருகிக்கொண்டு ஏணியில் ஏறிவிடுவார். ஊரில் எவருக்குக் காய்ச்சல் என்றாலும் டாக்டருக்கு முன்னால் போய் நிற்பார். டாக்டர் வந்த பிறகும் நிற்பார். சூது, குடி, கோள் எதுவும் கிடையாது. அவரிடம் குறை என்று ஒன்று இருக்குமானால் அது பொறாமை. அதையும்கூடப் பிற பாதிரியார்களைப் போல ஆயரின் காரின் மீதோ, பக்கத்து ஊர்க் கோயிலின் புதிய மணியின் மீதோ வைத்து அவர் வீணடிப்பதில்லை. செத்து ஆயிரத்து அறுநூறு ஆண்டுகள் ஆன ஒரு மனிதர் மீது, மொத்தமாக, வைத்திருக்கிறார்.

அந்த மனிதர் ஒரு பழங்காலத்து ஆயர், புனிதர், பெரும் பிரசங்கி. கோயிலில் பீடத்தின் முன்னுள்ள, புனிதர்களின் படங்கள் பதித்த சித்திரத் திரையில், இடது பக்கம் மூன்றாவதாக இருக்கிறார். நெற்றி அளவுக்கு மேல் அகலம். கன்னம் ஒட்டியிருக்கும். தாடி அங்கொன்றும் இங்கொன்றுமாக இருக்கும்.

"தாடிகூட ஒழுங்கா வளரல, அந்தாளுக்கு" என்பார் பாதிரியார்.

புனிதரின் பெயரை அவர் வாயால் சொல்வதில்லை. பூசையில் சொல்லியே ஆக வேண்டிய இடங்களில், சூடான பாத்திரத்தைத் தொட்டுவிட்டதுபோல் வேகமாகத் தாண்டிவிடுவார். வீட்டில் 'அந்தாளு'தான். அவர் மனைவி வர்தாவோ (மணமானவரும் பாதிரியாராகலாம் என்பது அவர்கள் சபை வழக்கம்) புனிதரை 'அவர்' என்பாள். வெறும் அவர். ஒரு வீட்டில் மனைவி 'அவர்' என்று சொல்லி, அது கணவனைக் குறிக்கவில்லை என்றால், அந்த வீட்டில் கொஞ்சம் புகைச்சல் இருக்கத்தான் செய்யும்.

பாதிரியாரின் தரப்பையும் கேட்பதுதான் நியாயம். ஞாயிறு பூசையில் நற்செய்தி வாசித்து முடித்து அவர் தொண்டையைச் செருமினால் போதும், ஆண்கள் பக்கத்தில் மெல்லிய சலசலப்பு எழும். யாரும் யாருக்கும் சொல்லாமல், மழைக்கு முன் கிளம்பும் பறவைகளைப் போல எழுந்து, வெளியே கருவாலி மரத்தடிக்குப் போய்விடுவார்கள். தலைமை தாங்கிப் போகிறவன் காப்பிக்கடை நக்லே. பிரசங்கத்தின் நீளத்தை அந்த ஊரில் சிகரெட்டால்தான் அளப்பார்கள். 'இன்னைக்கு ஒண்ணரை' என்றால் சாமிக்குத் தொண்டை கட்டியிருக்கிறது என்று பொருள். 'மூணு' என்றால் ஆயர் வந்திருக்கிறார். உள்ளே பாடகர் ஸாபா அடுத்த பாட்டுக்குச் சுதி பிடிக்கும் சத்தம் கேட்டதும், மிச்சத்தைக் காலால் நசுக்கிவிட்டு, மிகுந்த பக்தியோடு திரும்பி வருவார்கள்.

பெண்கள் வெளியே போவதில்லை. வர்தாவும் போவதில்லை. மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து தூங்குவாள். அதைத் தூக்கம் என்று சொன்னால் அவளுக்கு அநீதி செய்ததாகும். முதுகு நேராக இருக்கும், தலை சாயாது, கண் பாதி திறந்திருக்கும். பாதிரியாரின் மனைவி என்ற பதவிக்கு எந்தக் குறைவும் வராத உறக்கம். அவர் 'ஆமென்' என்றதும் விழித்து, மற்றவர்களைவிட முந்திக்கொண்டு 'ஆமென்' சொல்லிவிடுவாள்.

இதையெல்லாம் அவர் தாங்கிக்கொள்வார். தாங்க முடியாத நாள் வருடத்தில் ஒன்று உண்டு. அது கிறிஸ்து உயிர்த்த திருநாள்.

அன்று விடியற்காலையில் கோயிலில் அந்தாளின் பிரசங்கம் ஒன்று வாசிக்கப்படும். சின்னப் பிரசங்கம். ஒரு சிகரெட்டுக்குக்கூடக் காணாது. விடிந்ததும் வேலைக்கு வந்தவனும், பொழுது சாய வந்தவனும் ஒரே பந்தியில் உட்காரலாம், யாரும் பசியோடு திரும்ப வேண்டாம் என்பதுதான் சாரம். அதை உட்கார்ந்து கேட்கக் கூடாது என்பது முறை. எல்லாரும் எழுந்து நிற்பார்கள். நக்லே நிற்பான். சிகரெட்காரர்கள் எல்லாரும், தொப்பியை மார்பில் அழுத்திக்கொண்டு நிற்பார்கள். வர்தா தூங்க மாட்டாள். உதடுகள் அசைய, வார்த்தைக்கு வார்த்தை கூடவே சொல்வாள். எந்த வரியில் அவள் கண் நிறையும் என்பது பாதிரியாருக்குத் தெரியும். ஏனென்றால் அந்த வரியை வாசிப்பவரே அவர்தான்.

கொடுமை அதுதான். அந்தாள் வருவதில்லை. கத்தாஸ் பாதிரியாரின் தொண்டையில், கத்தாஸ் பாதிரியாரின் மூச்சில், தன் வேலையை முடித்துக்கொண்டு போய்விடுகிறார். தன் மனைவிக்கு வேறொருவன் எழுதிய காதல் கடிதத்தை வருடா வருடம் கொண்டுபோய்க் கொடுத்து, அவளுக்கு அதைப் படித்தும் காட்ட வேண்டியிருக்கும் தபால்காரனின் நிலைமை. பூசை முடிந்து வெளியே வரும்போது ஜனங்கள் அவர் கையை முத்தமிட்டு, "என்ன பேச்சு சாமி, என்ன பேச்சு" என்பார்கள். யாருடைய பேச்சு என்று அவரும் கேட்க மாட்டார், அவர்களும் சொல்ல மாட்டார்கள்.

"ஒரே ஒரு பிரசங்கம்" என்று அவர் நக்லேயின் கடையில் உட்கார்ந்து சொல்வதுண்டு. "அதை வெச்சு ஆயிரத்து அறுநூறு வருஷம் ஓட்டறாரு. வருஷத்துக்கு ஒரு நாள் வேலை. அடுத்த ஞாயித்துக்கிழமை அதே மூஞ்சிங்களைப் பாக்க வேண்டியதில்ல. எனக்கும் அப்பிடிக் குடு, நான் பேசிக் காட்டறேன்."

"அதுக்கு நீங்க மொதல்ல சாகணும் சாமி" என்பான் நக்லே, காப்பியை ஊற்றியபடி. "அது ஒண்ணுதான் கொறை."

நக்லேக்கு அந்தாளிடம் தனிப் பாசம். தவக்காலம் முழுக்கக் கடையின் பின்கட்டில் கறி சுட்டுத் தின்றுவிட்டு, திருநாள் காலையில் முகம் கழுவிக்கொண்டு முன்வரிசையில் வந்து நிற்பான். கேட்டால், "கடைசியா வந்தவனுக்கும் எடம் உண்டுன்னு அவரே சொல்லிட்டாரு. நீங்க வாசிச்சா மட்டும் போதும் சாமி, கணக்கு பாக்க வேணாம்" என்பான். வெங்காயத் தோலில் சாயம் ஏற்றிய சிவப்பு முட்டைகளை அன்று ஒருவரோடொருவர் மோதி உடைப்பார்கள் அல்லவா, அதிலும் வருடா வருடம் நக்லேயின் முட்டைதான் உடையாமல் நிற்கும். மரத்தில் கடைந்த முட்டை என்று ஊருக்கே சந்தேகம். பாதிரியார் அதை வாங்கி முன்பல்லில் தட்டிப் பார்ப்பார். ஓட்டின் கனம் ஓசையில் தெரியும். மரம் என்றால் பல்லுக்கே தெரிந்துவிடும். விசாரணை முடிவதற்குள் நக்லே அதைத் தின்னப்போவதாகச் சொல்லிப் பிடுங்கிக்கொள்வான்.

தம்மால் ஆன பதிலடியைப் பாதிரியார் கோயில் விளக்குகளின் எண்ணெயில் கொடுத்துவருகிறார். சனிக்கிழமை மாலை சித்திரங்களின் முன்னுள்ள விளக்குகளுக்கு எண்ணெய் ஊற்றுவது அவர்தான். எல்லாப் புனிதர்களுக்கும் விளிம்பு வரை. இடது பக்கம் மூன்றாவதுக்கு மட்டும் ஒரு விரல்கடை குறைவு. ஞாயிறு காலையில் பார்த்தால் அதுவும் விளிம்பு வரை இருக்கும். வர்தா முதலில் வந்து ஊற்றியிருப்பாள். கணவனும் மனைவியும் இதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. இரண்டு பேர் ஊற்றுவதும் ஒரே சொந்தத் தோட்டத்து எண்ணெய்தான்.

இந்தத் தவக்காலத்தில் நடந்ததைச் சொல்வதற்கு முன் ஒரு கதவைப் பற்றிச் சொல்ல வேண்டும். பாதிரியார் வீட்டுக்கும் நஸீரா வீட்டுக்கும் பொதுவான மதிலில் ஒரு சின்னக் கதவு. முன்பு அதன் வழியே தட்டுகள் போகும், தட்டுகள் வரும். ஆறு ஆண்டுகளுக்கு முன் நஸீரா மாடி கழுவிய தண்ணீர், வர்தா வெயிலில் பரப்பியிருந்த கோதுமையில் விழுந்தது. வர்தா கேட்டாள். நஸீரா பதில் சொன்னாள். நஸீராவின் பதிலில் வர்தாவின் அம்மாவும் வந்துவிட்டாள். அன்றோடு கதவுக்குத் தாழ்ப்பாள். பாதிரியாரோடு மட்டும் மாடிக்கு மாடி பேச்சு உண்டு.

மூன்று ஆண்டுகளுக்கு முன் அந்தக் கதவுக்காகவே அவர் ஒரு பிரசங்கம் எழுதினார். மூன்று சனிக்கிழமைகள் மாடியில் ஒத்திகை. தாம் எழுதியவற்றிலேயே அதுதான் மேல் என்பது அவர் எண்ணம். இதில் அவர் எண்ணம் சரியென்றே படுகிறது. அந்த ஞாயிறு ஆண்கள் கருவாலி மரத்தடிக்குப் போனார்கள். நஸீரா கடைசி வரிசையில் பக்கத்துப் பெண்ணோடு வைத்தியம் பேசிக்கொண்டிருந்தாள். வர்தா, முதுகு நேராக, தூங்கினாள். 'ஆமென்' மட்டும் கணீரென்று விழுந்தது.

இந்தத் தவக்காலத்தின் நான்காம் ஞாயிறு. நற்செய்தி முடிந்தது. பாதிரியார் தொண்டையைச் செருமினார். நக்லேயின் கை சட்டைப்பைக்குப் போனது. சிகரெட்டை எடுத்துக் காதில் செருகிக்கொண்டு எழுந்துவிட்டான். மூன்றாவது வரிசையில் வர்தாவின் முதுகு நிமிர்வதும் தெரிந்தது. பாதிரியாருக்குள் ஏதோ ஒன்று அறுந்தது.

"இன்று நான் பேசப்போவதில்லை" என்றார். "புனிதர் பேசுவார். இதுவரை நம் கோயிலில் வாசிக்காத பிரசங்கம்."

நக்லே பாதி எழுந்த நிலையில் நின்றான். பிறகு உட்கார்ந்தான். வர்தாவின் கண் முழுதாகத் திறந்தது.

பாதிரியார் மூன்று ஆண்டுகளுக்கு முன் எழுதியதை, ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல், மனப்பாடமாகச் சொன்னார். அயலானின் கதவைப் பற்றியது. அதில் ஒரு வரி: "நீ உன் அயலானுக்கு எதிராகக் கதவை அறைந்து சாத்தும்போது, இடுக்கில் மாட்டிக்கொண்டு நசுங்குவது கடவுளின் விரல்."

கோயிலில் அப்படி ஓர் அமைதியை அவர் திருநாளன்று மட்டுமே கேட்டிருந்தார். காதிலிருந்த சிகரெட்டை நக்லே எடுத்துப் பையில் போட்டுக்கொண்டான். கடைசி வரிசையில் வைத்தியம் நின்றுபோயிருந்தது. ஸாபா அடுத்த பாட்டுக்குச் சுதி பிடிக்க மறந்துபோனார். வர்தா தன் வலது கை விரல்களை இடது கையால் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

மறுநாள் காலை பாதிரியார் மாடியில் நின்றபோது கீழே சுத்தியல் சத்தம் கேட்டது. துருப்பிடித்த தாழ்ப்பாளை வர்தா அடித்துக்கொண்டிருந்தாள்.

"யாரது?" மதிலுக்கு அந்தப் பக்கம் நஸீராவின் குரல்.

"நான்தான் அக்கா."

"கதவு ஒடஞ்சுபோச்சா?"

"இல்ல. தெறந்தேன்."

வாளியைக் கீழே வைக்கும் சத்தம் கேட்டது. பிறகு, "சரி, நின்னுக்கிட்டே இருந்தா எப்படி. காப்பி வெக்கறேன், வா" என்றாள் நஸீரா.

இந்தக் காட்சியைக் கண்டு ஒரு பாதிரியார் சந்தோஷப்பட வேண்டும். கத்தாஸ் பாதிரியாரும் பட்டார், ஏறக்குறைய அரை சிகரெட் நேரம். பிறகுதான் உறைத்தது. கதவைத் திறந்தது அவர். பேர் அந்தாளுக்கு. இதுவரை அந்தாள் தம்முடைய பேச்சைக் கொண்டுதான் கத்தாஸின் மனைவியை உருகவைத்தார். இப்போது கத்தாஸுடைய பேச்சைக் கொண்டும் உருகவைக்கிறார்.

அன்று சாப்பாடு பருப்பும் சோறும், மேலே வதக்கிய வெங்காயம். வர்தா பரிமாறும்போதே ஆரம்பித்தாள்.

"பாத்தீங்களா, அவரு ஒரு வார்த்தை சொன்னாரு, ஆறு வருஷத்துத் தாழ்ப்பா கழண்டுது."

"நல்ல வார்த்தைதான்."

"நல்ல வார்த்தைன்னு சாதாரணமா சொல்றீங்க. எனக்கு விரலே வலிச்சுது. நீங்களும்தான் இத்தனை வருஷமாப் பேசறீங்க. ஒரு தடவையாவது யாருக்காவது எங்கேயாவது வலிச்சிருக்கா?"

பாதிரியார் கரண்டியைக் கீழே வைத்தார். "வர்தா, அது நான் எழுதினது."

வர்தா அவரைப் பார்த்தாள். காய்ச்சல் கண்ட பிள்ளையைப் பார்ப்பதுபோல் பார்த்தாள். "ஏங்க," என்றாள் மெதுவாக, "தாடியெல்லாம் நரைச்சுப்போச்சு. செத்துப்போன மனுஷன்கிட்டயிருந்துமா புடுங்கணும்?"

சோறு ஆறிப்போனது. பழைய ஏடுகளில் அந்தாளின் பெயரில் கிடக்கும் பிரசங்கங்களில் எத்தனையோ அந்தாள் செய்தவையே அல்ல என்று படித்தவர்கள் சொல்வார்கள். அவை ஒவ்வொன்றுக்காகவும் எந்தெந்த ஊரில், எந்தெந்தப் பாதிரியாரின் முன்னால், எவ்வளவு பருப்புச்சோறு ஆறிப்போனது என்பதை மட்டும் யாரும் சொல்வதில்லை.

அடுத்து அவர் ஸாபாவிடம் போனார். ஸாபா ஊரிலேயே இசையும் இலக்கணமும் தெரிந்தவர். நீண்ட நேரம் யோசித்துவிட்டு, "தப்பா எடுத்துக்காதீங்க சாமி, அது உங்க நடை இல்ல" என்றார். "உங்க நடை எனக்குத் தெரியாதா? நீங்க பேசறப்போ எனக்கு அடுத்த பாட்டைத் தேடத் தோணும். அன்னிக்கு எனக்குப் பாட்டே மறந்துபோச்சு. இதுக்கு மேல என்ன அத்தாட்சி வேணும்?"

நக்லே இன்னும் சுருக்கமாக முடித்தான். "சாமி, நீங்க எழுதினதா இருந்தா நான் வெளியில இருந்திருப்பேன்."

கடைசியில் ஒரு சாட்சி ஞாபகம் வந்தது. பாதிரியார் இரண்டிரண்டு படியாகத் தாண்டி மாடிக்கு ஓடினார். நஸீரா போர்வை உலர்த்திக்கொண்டிருந்தாள்.

"நஸீராம்மா, அந்த விரல் விஷயம். மூணு வருஷத்துக்கு முன்னாடி நான் இதே எடத்துல நின்னு சொல்லிக்கிட்டு இருந்தேனா இல்லையா? ஞாபகப்படுத்திப் பாருங்க."

நஸீரா வாயிலிருந்து கிளிப்பை எடுத்தாள். "ஆமா, நல்லா ஞாபகம் இருக்கு. மூணு வாரமாச் சொன்னீங்க. கையை இப்பிடித் தூக்கி."

பாதிரியாருக்குக் கண் கலங்கிவிட்டது. மூன்று ஆண்டுகளில் அவர் பேச்சைக் கேட்ட ஒரே ஜீவன். "அப்ப வந்து வர்தாகிட்டச் சொல்லுங்க."

"சொல்லிட்டேனே, காப்பி குடிக்கறப்பவே சொல்லிட்டேன். அவரோட பேச்சை அப்பவே திருடி வெச்சிருந்தீங்க போல, நல்லவேளை இப்பத் திருப்பிக் குடுத்துட்டீங்கன்னு சொன்னேன். சந்தோஷப்பட்டா."

அன்று பாதிரியார் ஒரு முடிவுக்கு வந்தார். திருநாள் விடியலில் ஊரே நிற்கும், வர்தா விழித்திருப்பாள். அந்தாளின் பிரசங்கம் முடிந்த கையோடு, பீடத்தின் முன் நின்று, உள்ளதை உள்ளபடி சொல்லிவிடுவது. பீடத்தின் முன் நின்று சொல்வதை மனைவி நம்பியே ஆக வேண்டும். பொய் சொன்னது பாவம், ஒப்புக்கொள்வது புண்ணியம், இடையில் கொஞ்சம் பேரும் திரும்பக் கிடைக்கும். வேதத்துக்கு உட்பட்டுப் பார்த்தாலும் குறை சொல்ல முடியாத ஏற்பாடு.

திருநாள் வந்தது. இன்னும் இருட்டு பிரியவில்லை. மெழுகுவர்த்திகளோடு கோயிலைச் சுற்றி வந்து, சாத்திய கதவைச் சிலுவையால் தட்டித் திறந்து, எல்லாரும் உள்ளே பாய்ந்தார்கள். நெரிசலில் நஸீராவின் திரி அணைந்துபோக, வர்தா தன் திரியைச் சாய்த்து அதைப் பற்றவைப்பதைப் பாதிரியார் வாசற்படியிலிருந்தே பார்த்தார். இரண்டு பேரும் மூன்றாவது வரிசைக்குப் போய் ஒட்டிக்கொண்டு நின்றார்கள். பாடல்கள் முடிந்தன. பாதிரியார் அந்தாளின் பிரசங்கத்தை வாசித்தார். விடியலில் வந்தவன், உச்சிவெயிலில் வந்தவன், பொழுது சாய வந்தவன், எல்லாருக்கும் இடம். நக்லே தனக்குத்தான் என்பதுபோல் தலையாட்டினான். வழக்கமான வரியில் வர்தாவின் கண் நிறைந்தது. வாசிப்பு முடிந்து எல்லாரும் உட்கார்ந்தார்கள்.

"இன்னும் ஒரு வார்த்தை" என்றார் பாதிரியார். "இது என்னுடைய வார்த்தை."

ஆண்கள் பக்கத்தில் மெல்லிய சலசலப்பு எழுந்தது. நக்லேயின் கை சட்டைப்பைக்குப் போனது. யாரோ பின்கதவை ஓசைப்படாமல் திறக்க, குளிர்காற்று உள்ளே வந்து முன்வரிசைத் திரிகளை ஆட்டியது. ஸாபா பாட்டுப் புத்தகத்தைப் புரட்டினார். வர்தாவின் முதுகு, அவர் கண்ணெதிரே, கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்ந்தது.

பாதிரியார் அந்த முதுகைப் பார்த்தார். பக்கத்தில் நஸீராவின் கை அதன்மேல் கிடந்தது. அந்தக் கதவைத் திறந்தது கத்தாஸின் வார்த்தைதான் என்று தெரிந்தால் வர்தா அதைத் திறந்தே வைத்திருப்பாளா என்று அவருக்கு நிச்சயமாகத் தெரியவில்லை. கத்தாஸ் சொல்லி அவள் இதுவரை எந்தக் கதவையும் திறந்ததில்லை.

இடது பக்கம் மூன்றாவது இடத்தில், ஒட்டிய கன்னத்தோடு, அந்தாள் காத்துக்கொண்டிருந்தார்.

"என்னுடைய வார்த்தை என்றேன்," என்றார் பாதிரியார், தாடியை ஒரு முறை தடவிக்கொண்டு. "என் வாயால் சொல்வதால் அப்படிச் சொன்னேன். புனிதர் இன்னொன்றும் சொல்லியிருக்கிறார்."

பின்கதவு சாத்திக்கொண்டது. நக்லே கையை வெளியே எடுத்தான். வர்தாவின் கண் திறந்தது.

இப்போது பாதிரியாருக்குச் சொல்வதற்கு ஒன்றும் இல்லை. ஒத்திகை பார்த்ததெல்லாம் ஒப்புதல் வாக்குமூலம். ஊர் முழுவதும் வாய் திறந்து அவரையே பார்த்துக்கொண்டிருந்தது, மாடியின் டிஷ்களைப் போல. அவர் வாய்க்கு வந்ததைச் சொன்னார்.

"விடிந்ததும் வேலைக்கு வந்தவனே, உன் கூலியில் எதுவும் குறையவில்லை. உன் கையைப் பார்த்திருந்தால் அது நிறைந்திருப்பதைக் கண்டிருப்பாய். நீ நாள் முழுக்கப் பக்கத்தில் இருந்தவன் கையையே பார்த்துக்கொண்டு நின்றாய். அதனால்தான் வெறுங்கையோடு வீட்டுக்குப் போனாய்."

சொல்லிவிட்டு, அடுத்து என்ன சொல்வது என்று தெரியாமல், அவரே கொஞ்ச நேரம் நின்றார். கைக்குட்டை எடுப்பதற்கான அவகாசம் என்று ஜனங்கள் புரிந்துகொண்டார்கள். ஆமென் என்று யார் முதலில் சொன்னார்கள் என்று தெரியவில்லை. வர்தா அல்ல.

பூசை முடிந்தபோது கிழக்கு வெளுத்திருந்தது. வெளியே கருவாலி மரத்தடியில் முட்டைகள் மோதும் சத்தமும், நக்லேயின் மேல் குற்றச்சாட்டுகளும் கேட்டன. வர்தா மீதி முட்டைக் கூடையோடு பீடத்தருகே வந்தாள்.

"அந்தக் கடைசி வார்த்தை," என்றாள். "இத்தனை வருஷமா அதை ஏன் வாசிக்கல?"

"பக்கம் ஒட்டிக்கிட்டு இருந்துது."

"ம்." அவள் அவருடைய அங்கியில் சொட்டியிருந்த மெழுகை நகத்தால் சுரண்டி எடுத்தாள். "உங்களைப் பாத்துச் சொன்ன மாதிரியே இருந்துது."

"எனக்கும் அப்படித்தான் பட்டுது."

"அவருக்கு எல்லாம் தெரியும்" என்று சொல்லி, கூடையை அங்கேயே வைத்துவிட்டு, நஸீரா கூப்பிடும் குரலுக்கு வெளியே போனாள்.

கோயிலில் யாரும் இல்லை. பாதிரியார் எண்ணெய்க் குவளையை எடுத்துக்கொண்டு இடது பக்கம் மூன்றாவது விளக்கிடம் போனார். அது விளிம்பு வரை இருந்தது. குவளையைக் கீழே வைத்தார். சித்திரத்தின் கண்ணாடி முழுக்க அன்று காலை முத்தங்களின் தடம். அங்கியின் கைமுனையால் அதைத் துடைத்தார். அந்தாளை இவ்வளவு கிட்டத்தில் பார்த்து நாளாகிவிட்டது.

கூடையிலிருந்து இரண்டு முட்டைகளை எடுத்தார். ஒன்றைச் சித்திரத்தின் சட்டத்தின் மேல், அந்தாளின் கைப்பக்கமாக, விரலால் அணைத்து நிறுத்தினார். மற்றதைத் தாம் பிடித்துக்கொண்டார்.

"கிறிஸ்து உயிர்த்தார்" என்று சொல்லி ஒரு தட்டுத் தட்டினார்.

அவருடைய முட்டை உடைந்தது.

பாதிரியார் வாசல் பக்கம் ஒரு முறை திரும்பிப் பார்த்தார். யாரும் வரவில்லை. அந்தாளின் முட்டையைச் சட்டத்திலிருந்து எடுத்து, முன்பல்லில் மெல்லத் தட்டி, காதைச் சாய்த்துக் கேட்டார்.